ஒரே ஒரு முறை திறக்கும் லிப்ட்

1

“மறுபடி தட்டுங்கப்பா. நடுவுல இடைவெளி விட்டிருப்பீங்க.”

“விடலம்மா. அதேதான் வருது. ‘இந்த ரகசியச் சொல் ஏற்கெனவே பயன்படுத்தப்பட்டுவிட்டது.’ சிவப்புல.”

“சிவப்பிலயா?”

“பின்ன, பச்சையிலயா திட்டுவாங்க?”

(இந்தக் கதை அந்தச் சிவப்பு வாக்கியத்தில்தான் பிறந்தது. போன மாதம் பஸ்ஸில் போகும்போது, போன் விளையாட்டு ஒன்றில் தோழி கொடுத்த ரகசியச் சொல்லைத் தட்டினேன். பரிசுக்குப் பதில் இதுதான் வந்தது. எனக்கு முன்னால் அந்தக் கதவைத் திறந்தது யாராக இருக்கும் என்று யோசித்தபடியே இரண்டு நிறுத்தம் தள்ளிப் போய் இறங்கினேன்.)

2

போனில் பேசும் அப்பா லிப்ட் பழுதுபார்ப்பவர். மகளுக்கு ஒரு விளையாட்டுக் கம்பெனியில் வேலை. விளையாட்டுக்குள் பரிசுகளை ஒளித்துவைத்து, அவற்றைத் திறக்கும் ரகசியச் சொற்களை உண்டாக்குவாள். சரியான சொல்லைத் தட்டினால் தங்க வாள் வரும், பறக்கும் செருப்பு வரும். இதை அப்பாவுக்கு விளக்கி விளக்கி ஓய்ந்துபோனாள். உறவினர்கள் கேட்டால் அவர், “கம்ப்யூட்டர்ல ஏதோ பண்றா” என்பார். அந்த ‘ஏதோ’ அவளுக்குத் தொண்டையில் முள்.

[முதலில் இப்படித் தொடங்கியிருந்தேன்: ‘மழை விடாமல் பெய்துகொண்டிருந்த ஒரு’. நிறுத்திவிட்டேன். லிப்டுக்குள் இருப்பவருக்கு மழை தெரியாது.]

அவள் கம்பெனியின் விளையாட்டை அப்பா ஏழு மாதமாக ஆடுகிறார். மொட்டைமாடி மோட்டார் அறையில், கருவிப்பெட்டி மேல் உட்கார்ந்து ஆடுவார். அதில் நாற்பது மாடிக் கோபுரம் ஒன்று உண்டு. படிக்கட்டு மட்டும்தான். பதினேழாவது மாடிக்கு மேல் அவர் போனதே இல்லை.

“காலம்பூரா லிப்ட் பாக்குறவன், இங்க வந்து படியேறிச் சாகுறேன்” என்று ஒருநாள் சொன்னார்.

அவ்வளவுதான். கோபுரத்துக்குள் அவள் ஒரு லிப்ட் கட்டினாள். அவருக்கு மட்டும்.

3

லிப்டைத் திறக்கும் ரகசியச் சொல்லாக, கதையில் முதலில் அப்பாவின் பிறந்தநாளை எழுதிவைத்தேன். அது எல்லாரும் வைப்பது. பிறகு அவரையே கொஞ்சம் கவனித்தேன். அடம்பிடிக்கும் மோட்டாரை முடுக்கும் முன் அதைத் தட்டிக்கொடுத்து “வாடா ராசா” என்பார். மோட்டார் அறைக்குச் சாப்பாடு கொண்டுபோன நாட்களில் மகள் மட்டும் கேட்டிருக்கிறாள். அதுவே சொல் ஆயிற்று.

ஆனால் அவரைத் தட்டவைக்க மூன்று வாரம் ஆனது. “குறுக்கு வழியில ஜெயிச்சா அது ஜெயிப்பாம்மா?”

அதற்குள் அவள் அந்தத் தப்பைச் செய்துவிட்டாள். சொல்லை உண்டாக்கியவர் அதைத் தட்டிப் பார்க்கக் கூடாது, வேறொருவர்தான் சோதிக்க வேண்டும் என்பது அலுவலக விதி. ‘வாடா ராசா’வை யாரிடம் கொடுத்துச் சோதிக்கச் சொல்வது? வெட்கம். செவ்வாய்க்கிழமை தானே தட்டினாள். கதவு திறந்தது. நாற்பது மாடியும் ஏறி இறங்கினாள். ‘ஒரு முறை மட்டும்’ என்ற கட்டத்தில் இருந்த குறியை எடுக்க மறந்தது அவளுக்குத் தெரியாது. அவள் ஏறிய சோதனைக் கணக்கும் அன்றைக்கே அழிந்துபோனது.

இன்று ஐந்து மணிக்குப் புதிய பதிப்பு வருகிறது. அதில் கோபுரமே கிடையாது. பழையதையும் பூட்டியாயிற்று, இனிப் புதுச் சொல் உண்டாக்க முடியாது. இப்போது மணி நாலே முக்கால்.

4

முடிவு ஒன்று: பதிப்பைப் பூட்டிவைக்கும் சக ஊழியர், எல்லாரும் ‘பூட்டு’ என்று கூப்பிடும் மனிதர், மனமிரங்கி ஒரு நிமிடம் திறந்துவிடுகிறார். எழுதியும் பார்த்தேன். அவர் சிரிக்கக்கூடச் செய்தார். அடித்துவிட்டேன். பூட்டு அப்படிப்பட்டவர் இல்லை. “ஒரு கமாகூட மாத்த முடியாது தாயே” என்று சொல்லிவிட்டுக் காப்பி குடிக்கப் போயிருப்பார்.

முடிவு இரண்டு: அவள் பொய் சொல்கிறாள்.

“யாரோ முந்திக்கிட்டாங்க போலப்பா.”

“யாரு? நான் மோட்டார்கிட்டப் பேசுறது ஊருக்கே தெரியுமா?”

பொய் அங்கேயே விழுந்துவிட்டது. என்னால் தூக்கி நிறுத்த முடியவில்லை.

5

“நான்தாம்ப்பா. திறக்குதான்னு பாக்கத் தட்டினேன். ஒரு தடவைதான் திறக்கும். வீணாக்கிட்டேன்.”

அந்தப் பக்கம் ஒரு மோட்டார் ஓடி நின்றது.

“நீ ஏறினியா?”

“ஏறினேன்.”

“நாப்பது மாடியுமா?”

“ம்.”

“எங்கயும் உதறலையே?”

“இல்லப்பா.”

“அட லூசு, அதுக்கா அழுவுற? புது லிப்ட் போட்டா போட்டவன்தான் முதல்ல ஏறணும். நான் ஏறிப் பாக்காம ஒரு ஆளை ஏத்தினது உண்டா? பண்றதைச் சரியாத்தானே பண்ணியிருக்க!”

(இந்த வரியை நான் யோசித்து வைத்திருக்கவில்லை. அவர் சொன்னதும் பேனாவைக் கீழே வைத்துவிட்டேன்.)

மகள் மூக்கை உறிஞ்சினாள். சிரித்தாள். மணி நாலு ஐம்பத்தி ரெண்டு.

எந்த மாடியில் என்ன இருக்கிறது என்று என்னிடம் குறிப்பில்லை. கட்டியவள் அவள். அவளும் வாய் திறக்கவில்லை என்றால், மாடிகளைச் சொல்ல மீதி எட்டு நிமிடம் உங்களுடையது. ஏனென்றால் போனில் அவர் காத்திருக்கிறார்:

“ஏம்மா, இருக்கியா? கண்ணை மூடிட்டேன். கீழ்த்தளத்துல நிக்கிறேன். கதவைச் சாத்திட்டு, ஒவ்வொரு மாடியா என்னைக் கூட்டிட்டுப் போயேன்.”