தக்காளி முட்டையும் மூக்குக்காரரும்

'மூக்குக்காரர்' என்ற பட்டம் அந்தச் சமையல்காரருக்கு வந்ததே அவர் வாயால்தான். கரண்டியை நக்கிப் பார்க்கிறவனெல்லாம் சமையல்காரனா என்று ஊரைக் கேட்பார். தக்காளியும் குடைமிளகாயும் சீரகத்தோடு குழைந்து வரும்போது சட்டியின் மேல் குனிந்து ஓர் இழுப்பு. உப்பு, காரம், பக்குவம் எல்லாம் மூக்குக்கே தெரிந்துவிடுமாம். மசாலாவில் கரண்டியால் குழி பறித்து, முட்டையை நேரே அதில் உடைத்து ஊற்றுவார். ஓடு விரியும்போதே நல்லதா கெட்டதா என்று தெரியாதவன் அடுப்பங்கரைப் பக்கம் வரக்கூடாது என்பது அவர் கட்சி.

போன மழைக்காலத்து ஜுரம் அந்த மூக்கைத் துடைத்துக்கொண்டு போய்விட்டது. நாக்கும் அதோடு கூட்டுச் சேர்ந்துகொண்டது. யார் வீட்டுக் குக்கர் எத்தனை விசில் விட்டது என்று கணக்கு வைத்திருக்கும் தெருவுக்கே இது தெரியாமல் போனதுதான் அதிசயம். தெரிந்தவள் ஒருத்திதான்: அதே சாப்பாட்டுக் கடையில் காய் நறுக்கும் அவர் மனைவி. முதலாளி காதுக்குப் போனால் அன்றைக்கே சீட்டுக் கிழியும். வாசனை தெரியாத சமையல்காரனை, அதுவும் இந்த வயதில், எவன் சேர்த்துக்கொள்வான்?

அதனால் ஓர் ஏற்பாடு செய்துகொண்டார்கள். அவர் சட்டியை அவள் பக்கம் நகர்த்துவார். முதலாளி தலை திரும்பியதும் அவள் விரலை விட்டு நாக்கில் வைப்பாள். கத்தியால் பலகையில் ஒரு தட்டு என்றால் உப்பு போதாது. இரண்டு என்றால் காரம் போதாது. படபடவென்று தட்டினால், நிறுத்து. கொதிக்கிற மசாலாவில் விட்டு விட்டு அவள் விரல் நுனியெல்லாம் தோலுரிந்து கிடந்தது. கேட்டவர்களிடம் மிளகாய் எரிச்சல் என்று சொல்லிவைத்தாள்.

அன்றைக்கு மதியக் கூட்டத்தில் முதலாளியின் மைத்துனரும் வந்து உட்கார்ந்தார். ஆளுக்கு வாய் சும்மா இருக்காது.

"என்ன மூக்குக்காரரே, வீட்டம்மாவைப் பக்கத்துலயே வச்சிருக்கீங்க? கைப்பக்குவம் அவங்களோடதோ?"

"இவளா? இவ போட்ட டீயைக் குடிச்சுட்டு எங்க வீட்டுப் பூனையே வேற வீட்டுக்குக் குடிபோயிடுச்சு சார்! தனியா விட்டா தெருவுல வம்பு வளப்பாளேன்னு இங்க உக்கார வச்சிருக்கேன்."

கடை கொல்லென்று சிரித்தது. அவளும் சிரித்தாள், அத்தனை பேர் முன்னால் வேறென்ன செய்வது? சிரிப்பு உதட்டைத் தாண்டவில்லை.

மூக்குக்காரர் முட்டைகளை உடைத்தார். கண் மைத்துனர் மேல், கை சட்டி மேல். முதல் இரண்டும் நல்லவை. மூன்றாவது ஓடு விரிந்ததும் சாக்கடை மூடியைத் திறந்தது போல நாற்றம் அவள் மூக்கில் ஏறியது.

கத்தி கையில் இருந்தது. பலகையும் முன்னால் இருந்தது. அவள் தட்டவில்லை. தெரியட்டுமே, யார் மூக்கில் இவர் பிழைப்பு ஓடுகிறதென்று ஒரு தடவை தெரியட்டுமே! குடைமிளகாயைச் சத்தம் வராமல் நறுக்கிக்கொண்டிருந்தாள்.

மேசைக்கு மேசை மூக்கைப் பொத்தினார்கள். ஒருவர் வாசலுக்கே ஓடினார். மூக்குக்காரர் மட்டும் நிதானமாக மூடியைப் போட்டார்.

"ரெண்டே நிமிஷம் சார். வாசனை எப்படித் தூக்குது பாருங்க!"

இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை. முதலாளி வந்து மூடியைத் தூக்கினார், முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"என்ன வாசனை வருது? சொல்லுங்க."

"தக்காளி... சீரகம்..."

முதலாளி கத்தியிருந்தால்கூடத் தேவலை. "எத்தனை நாளா இப்படி?" என்று மெதுவாகக் கேட்டார். மூக்குக்காரர் மனைவியைப் பார்த்தார். வியாபாரிக்கு அந்தப் பார்வை போதும்.

"இவ்வளவு நாள் ருசி பாத்தது யாருன்னு இப்பப் புரியுது. ஏம்மா, நாளையிலேர்ந்து அடுப்பை நீ பாத்துக்கோ. இவரு வீட்டுலயே இருக்கட்டும்."

இருவரும் வீட்டுக்கு நடந்தார்கள். அவர் தெருமுனையில் நின்றார்.

"உனக்குமா வாசனை வரல?"

"சளி பிடிச்சிருக்குங்க," என்றாள்.

நம்பிவிட்டார். இனி எந்த வாசனைக்கும் அவள் சொல்வதுதானே சாட்சி?

"அடடா. காலையிலேயே சொல்லக்கூடாதா? வா, ஆவி பிடி. நாளைக்கு நீ அடுப்பு முன்னால நிக்கணும்ல."

வீட்டில் அவரே தண்ணீர் கொதிக்கவைத்து, அவள் தலையைப் போர்வையால் மூடிவிட்டு, பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டார். தண்ணீர் ஆறிப்போன பிறகும் அவள் வெளியே வரவில்லை.