பொய் ஒட்டாத பட்டை

எனக்கு வாய் ஜாஸ்தி. எங்க வூட்டுக்காரர் மாயவனைக் கேட்டா, "ஜாஸ்தியா? அளவே கெடையாது"ன்னுவாரு. அந்த வாயாலதான் இத்தினியும் வந்துது. அதனால நானே சொல்லிடறேன்.

கல்வராயன் மலை மேல சொல்லாண்டவர் கோயில் இருக்குது. அங்க சாமிகிட்ட பிராது குடுக்கணும்னா காகிதம் செல்லாது, ஒப்புமரத்துப் பட்டையிலதான் எழுதிக் கட்டணும். பட்டைய ஊறவெச்சு, தட்டி, காயவெச்சுக் குடுப்பாங்க. பேனா சாதா பேனாதான். ஆனா அந்தப் பட்டையில பொய் ஒட்டாது. கால்ல காஞ்ச சேறு மாதிரி மூணு நாளுக்குள்ள பொய்யான வரி உதுந்துடும், நெசமான வரி மட்டும் நிக்கும்.

தை மாசம் கரும்பு வெட்டிட்டு வந்துகினு இருந்த மாயவன மணலூர்பேட்டை ரோட்டுல ஏதோ வண்டி அடிச்சுட்டுப் போயிட்டுது. கள்ளக்குறிச்சி ஆஸ்பத்திரியில நெனவில்லாம கெடந்தாரு. தூரத்துலருந்து பாத்தவங்க எல்லாம் ஒரே பேரத்தான் சொன்னாங்க, ஆதிமூலம் சட்டையெல்லாம் ரத்தமா ஓடினாருன்னு. அவரு பக்கத்து ஊர்ல குத்தகைக்கு உளுந்து போட்டிருக்கறவரு. பத்து நாள் முன்னதான் எங்க ஆடு அவரு உளுந்துல வாய வெச்சிடுச்சுன்னு எங்களுக்குள்ள பெரிய சண்டை. எனக்கு அது போதாதா?

அவரு ஆஸ்பத்திரி வாசலுக்கே வந்து சொன்னாரு. "நான் இடிக்கலம்மா. ரோட்டுல விழுந்து கெடந்தாரு. நான்தான் கொண்டாந்து சேத்தேன்."

"இடிக்காதவனுக்கு எங்க மேல இன்னா அக்கறை? கொலைகாரப் பாவி"ன்னு கத்தினேன். எதுக்க டீக்கடையில இருந்தவங்க மொத்தப் பேரும் திரும்பிப் பாத்தாங்க. அவரு தலைய குனிஞ்சுகினு போயிட்டாரு. மறுநாளே நான் மலைக்கு பஸ் ஏறிட்டேன்.

கோயில்ல பிராது எழுதித் தர்ற பொண்ணு பேரு எழில்மதி. எனக்கு எழுதப் படிக்கத் தெரியாது. நான் சொல்லச் சொல்ல அது ஒவ்வொரு வரியாப் போட்டுது. ஆதிமூலம் அந்த வழியா வந்தாரு. என் புருசன வண்டியால இடிச்சாரு. தூக்கினாரு. பள்ளத்துல வீசினாரு. ஓடினாரு.

அஞ்சு வரியும் நின்னுதுன்னா, அப்புறம் அவரு வூட்டு நல்லது கெட்டதுக்கு ஒருத்தரும் போக மாட்டாங்க. அதுதான் வழக்கம். எனக்கும் அதுதான் வேணும்னு இருந்துது.

மூணாம் நாள் எழில்மதி பட்டைய அவுத்து, வெளிச்சத்துல திருப்பித் திருப்பிப் பாத்துது.

"இன்னா நின்னுகினு இருக்கற, படி"ன்னேன்.

"மூணு வரிதான்க்கா இருக்குது. ஆதிமூலம் அந்த வழியா வந்தாரு. தூக்கினாரு. ஓடினாரு."

"அவ்ளோதானா?"

"அவ்ளோதான்க்கா."

நெனவில்லாத ஆள பைக்குல உக்கார வெக்க முடியாம, என் புருசன தோள்ல போட்டுகினு, ஆட்டோ கெடைக்கற கூட்ரோடு வரைக்கும் அந்த மனுசன் ஓடியிருக்காரு. அவரு சட்டையில இருந்தது எங்க வூட்டு ரத்தம். அரை மணி லேட்டாயிருந்தா ஆளே இல்லன்னு டாக்டர் முன்னயே சொல்லியிருந்தாரு. அந்த அரை மணிய எனக்குக் குடுத்தவரத்தான் கொலைகாரன்னு சொன்னேன். அங்கயே உக்காந்து அழுதேன்.

மலையிலிருந்து நேரா அவரு வூட்டுக்குத்தான் போனேன். "அண்ணா, என்னை மன்னிச்சுடுங்க"ன்னேன். "சரி விடும்மா"ன்னாரு, அவ்ளோதான். மாயவன் வூட்டுக்கு வந்தப்புறம், வாரா வாரம் அவரை ஆஸ்பத்திரிக்கு வண்டியில கூட்டினு போயி கூட்டினு வர்றது ஆதிமூலம் அண்ணன்தான். ஆனா எங்க வூட்டுல ஒரு வாய் தண்ணி குடிக்க மாட்டாரு. நான் சொம்ப நீட்டினா, "இப்பதான் குடிச்சேன்"னுவாரு.

எனக்கு அது உறுத்திக்கினே இருந்துது. அமாவாசைக்கு மலைக்குப் போயி புதுப் பட்டையில எழுதச் சொன்னேன். ஆதிமூலம் அண்ணன் என் புருசன் உசுர காப்பாத்தினாரு. நான் அவர அநியாயமாப் பேசினேன். அவரு என்னை மன்னிச்சுட்டாரு.

மொத ரெண்டு வரி நின்னுது. மூணாவது வரி விடியறதுக்குள்ள உதுந்துட்டுது.

அவருகிட்டயே போயி சொன்னேன். அவரு மழுப்பல. "ஆமாம்மா. மறக்கணும்னுதான் பாக்கறேன். நீ கத்தினது இன்னும் காதுலயே நிக்குது."

"அப்ப எதுக்குண்ணா வாரா வாரம் வர்றீங்க?"

"கோவம் உன் மேல. தையல் போட்டிருக்கறது அவரு தலையில."

என் மேல அவ்ளோ கோவத்த வெச்சுகினு என் வூட்டுக்கு ஒருத்தர் இத்தினி செய்யறாருன்னா, அவருக்கு நான் எந்த ஜென்மத்துல நன்றி சொல்லி முடிக்கறது? அன்னியிலிருந்து அமாவாசைக்கு அமாவாசை போயி அந்த மூணு வரியவும் எழுதிக் கட்டறேன். ரெண்டாவது தடவை ஒரு பகல் முழுக்க நின்னுது. போன தடவை மூணாம் நாள் காலையிலதான் உதுந்துது.

இந்த அமாவாசைக்கு கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டுக்குப் போனா, மலை பஸ் பக்கத்துல ஆதிமூலம் அண்ணன் பையோட நிக்கறாரு.

"எங்கண்ணா?"

"மலைக்குத்தான். இந்த தடவையாவது நிக்குதான்னு நானும் பாக்கறேன்."

வெள்ளிமலை வரைக்கும் நின்னுகினேதான் போனோம், அவ்ளோ கூட்டம். எறங்கினதும் என் பையிலிருந்த தண்ணி பாட்டில எடுத்து நீட்டினேன். அவரு வாங்கிக் குடிச்சாரு.