பன்னிரண்டு பாகப் பழிவாங்கல்

முதிர்ந்த மனம் எந்த இருளையும் கண் இமைக்காமல் நோக்கும் என்பது திரைப்படச் சங்கத் தலைவரின் கொள்கை. சங்கத்தில் மொத்தம் பத்தொன்பது பேர். தலைவர் பிழைப்புக்கு மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருந்தார்.

செயலாளர் அவருடைய மனைவியின் தம்பி. பன்னிரண்டு பாகங்களில் பழிவாங்கும் கதை சொல்லும் ஜப்பானிய மாயாஜால அனிமே ஒன்றைத் திரையிடலாமா என்று அவன் கேட்டதும், "பொம்மைப் படம். பெரியவங்க பாக்க அதுல என்ன இருக்கு?" என்றார் தலைவர்.

"பாத்தீங்களா அத்தான்?"

"பாக்காமலே தெரியும்."

"பாக்காம தீர்ப்பு சொல்றவரு தலைவரா இருக்கணுமான்னு ஞாயித்துக்கிழமை கூட்டத்துல கேப்பாங்க. வேற யாரும் கேக்கலேன்னா நானே கேப்பேன்."

ஒன்பது வருட நாற்காலி ஆட்டம் கண்டது. சனிக்கிழமை கடைக்கு விடுமுறை விட்டு, காலையிலேயே மனைவியோடு தொலைக்காட்சி முன் உட்கார்ந்தார்.

நண்பர்களே பாதாளத்தில் தள்ளிவிட்ட ஒருவன் திரும்பிவந்து, ஒவ்வொருவராகக் கணக்குத் தீர்க்கிறான். மனைவி துவைத்த துணிகளை மடித்தபடி நிதானமாகப் பார்த்தாள். முதல் கை வெட்டுப்பட்டதுமே தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைக்க ஆரம்பித்தார். அது இல்லாவிட்டால் அவருக்குத் திரையில் தெரிவது வெறும் வண்ணப்புகை. மாலைக்குள் அவ்வளவு சுத்தமான கண்ணாடி அவர் கடையில்கூட இல்லை.

"இன்னுமா துடைக்கிறீங்க? படமே முடிஞ்சுது."

"நீ என்ன நினைக்கிற?" என்றார், போகிற போக்கில் கேட்பதுபோல.

"பாதி வெட்டுக்குத்து வேண்டாத வேலை. ஆனா கடைசி ஆளையும் கொன்னுட்டு, அடுத்து எங்க போறதுன்னு தெரியாம நிக்கிறான் பாருங்க, அது சின்னப் பசங்களுக்குப் புரியாது. நம்ம வயசுக்காரங்க பாக்கலாம்."

ஞாயிற்றுக்கிழமை தலைவர் தொண்டையைச் செருமிக்கொண்டார். "வன்முறை மிகை. எனினும் பழி தீர்ந்தபின் சூழும் வெறுமையே இதன் சாரம். முதிர்ந்தோர் அவசியம் காண வேண்டும்."

கைதட்டல் எழுந்தது. மூன்றாவது வரிசையில் மனைவி புடவைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டாள்.

"ஒத்துக்கறேன் அத்தான்," என்றான் செயலாளர். "அந்தக் கடைசி ஆள் யாருன்னு தெரிஞ்சப்போ உங்களுக்குத் தூக்கிவாரிப் போடல? யாருன்னு நீங்களே சொல்லுங்க."

தலைவர் சபையை ஒருமுறை சுற்றிப் பார்த்தார். "இன்னும் பாக்காதவங்க இருக்காங்க தம்பி. முடிவைச் சொல்றது நாகரிகம் இல்ல."

இதற்கு இன்னும் பலமாகக் கைதட்டினார்கள். நாற்காலி பிழைத்தது.

அந்தக் கடைசி ஆள் யார் என்பது அவருக்கு இன்றுவரை தெரியாது.