வளையல் சத்தம்

பக்கத்து வீட்டுக் கனகாம்பாளின் குரல் நெல் அறைக்குள்ளும் தெளிவாகக் கேட்டது. "இன்னாடி கஸ்தூரி, வவுறு ஒரு பக்கமா சாஞ்சிருக்குது? பொட்டப் புள்ளதான், பாத்துக்கோ." வளைகாப்புக்கு வந்த பெண்கள் கூடத்தில் சிரித்தார்கள். மூட்டைகளுக்கு நடுவே உட்கார்ந்திருந்த தனக்கொடி காதைத் தீட்டிக்கொண்டாள். சாய்ந்தது பிள்ளை அல்ல, அக்கா கஸ்தூரி இடுப்பில் சுருட்டிக் கட்டியிருந்த பழம்புடவை. காலையில் அதற்கு முடிச்சுப் போட்டவளே தனக்கொடிதான்.

பிள்ளை இவள் வயிற்றில் இருந்தது. ஏழாம் மாதம். பிள்ளையில்லாத அக்காவுக்குப் பெற்றுத் தருவதாகப் பேச்சு. அக்கா புருஷன் சுப்பராயலு கரும்புக் கொல்லையில் பாதியை இவள் புருஷனுக்குப் பயிர்வைக்க விட்ட அன்றே அவன் தலையாட்டிவிட்டான். இவளை யாரும் கேட்கவில்லை. அம்மா செங்கல் சூளைக்குப் போயிருப்பதாகக் கிருமாம்பாக்கத்தில் இவள் பிள்ளைகள் நம்பிக்கொண்டிருந்தன. அக்காவின் இந்தப் பாகூர் வீட்டுக்கு வெளியாள் வந்தால் இவள் நெல் அறையில், வெளியே பூட்டு. தூசி மூக்கை அரித்தது. தும்மினால் எல்லாம் போயிற்று. முந்தானையை வாயில் திணித்துக்கொண்டாள். முந்தின பிள்ளைகளின் நிறைமாதத்திலும் சேற்றில் குனிந்து நடவு நட்டவள், ஒரு தும்மலுக்குப் பயந்தாள்.

கூட்டம் கலைந்தபின் பூட்டு திறந்தது. கஸ்தூரியின் கன்னத்தில் சந்தனம், முழங்கைவரை கண்ணாடி வளையல். புடவைச் சுருட்டு தொடைக்கு இறங்கியிருந்ததைக்கூட அவள் கவனிக்கவில்லை. மண்டியிட்டு, தங்கையின் வயிற்றருகே இரண்டு கைகளையும் குலுக்கினாள்.

"இன்னா பண்ற யக்கா?"

"புள்ள காதுல விழணும்டி. அதுக்குத்தான வளையலே போடறது."

உள்ளே பிள்ளை உதைத்தது. சத்தம் வந்த பக்கமே மறுபடி உதைத்தது. கஸ்தூரிக்குக் கண் கலங்கிவிட்டது. "பாத்தியா, ஆத்தா யாருன்னு தெரியுது அதுக்கு."

புள்ளயக் குடுக்க மாட்டேன் என்று சொல்லத்தான் தனக்கொடி காலையிலிருந்து காத்திருந்தாள். ஆனால், "எனக்கும் ரெண்டு வளையல் குடு யக்கா" என்றாள்.

"உனக்கு எதுக்குடி? வெளிய சத்தம் கேட்டுடும்." கஸ்தூரி அன்பாகத்தான் சொன்னாள். "பாத்திரம் கழுவுறவ இன்னும் போவல. பேசாம படு."

கதவு மூடிக்கொண்டது. பூட்டு விழுந்தது. வளையல் சத்தம் கூடத்தைத் தாண்டி அடுப்படிக்குப் போயிற்று. அது போன பக்கமாகவே பிள்ளை புரண்டது. தனக்கொடி, குழந்தையின் காதைப் பொத்துவதுபோல, வயிற்றின் இரண்டு பக்கமும் உள்ளங்கைகளை வைத்து அழுத்திக்கொண்டாள்.