அம்பா வந்த வீடு

என் அப்பா தம்பிமுத்து உடப்புக் கடற்கரையில் கரைவலை இழுக்கும்போது அம்பாப் பாட்டு எடுத்துக் கொடுத்தவர். அவர் ஓர் அடி பாடுவார். முப்பது பேர் பதில் பாடிக்கொண்டே கயிற்றை இழுப்போம். வலை கரையேறும் வேகம் அவருடைய தொண்டையில் இருந்தது. சில வருடம், மீன் படுகிற மாதங்களில், அந்தத் தொண்டைக்கு ஓய்வே இராது. நித்திரை கொள்ளமாட்டார், சோறு தொடமாட்டார், கண் மினுங்கும். புதுப்புது அடியாகக் கட்டிப் பாடுவார், பாதி கெட்ட பகிடி. சிரித்துச் சிரித்து இழுப்போம். அம்மன் நாவில் ஏறியிருக்கிறாள் என்று வலைக்குச் சொந்தக்காரரான சம்மாட்டி தன் கையாலேயே அவருக்கு வெற்றிலை மடித்துக் கொடுப்பார். பிறகு எத்தனையோ வேலை செய்துவிட்டேன். அப்படிச் சந்தோசமாக முதுகு முறிந்ததில்லை.

அது அடங்கியதும் அவர் மாதக்கணக்கில் சுவரைப் பார்த்துக் கிடப்பார். பாடின களைப்பு என்றோம்.

அவர் மாரடைப்பில் செத்து ஆறு வருடம் கழித்து, தொண்ணூற்றேழில், என் தம்பி முத்துலிங்கத்துக்குப் பாட்டு வந்தது. வயது இருபத்திரண்டு. அதுவரை பதில் பாடும் கூட்டத்தில் நின்றவன் ஒருநாள் முன்னுக்குப் போய் அப்பாவின் அடிகளை எடுத்தான். தம்பிமுத்து திரும்பி வந்துவிட்டான் என்று வயதானவர்கள் அழுதார்கள். நானும் அழுதேன். நான்காம் நாளும் அவன் படுக்காதபோதுதான் அப்பா பார்த்துக் கிடந்த சுவர் எனக்கு ஞாபகம் வந்தது.

ஐந்தாம் நாள் பாடிக்கொண்டே பிரதான வீதிக் காவலரணுக்குப் போய், ஆமிக்காரரைக் கயிறு பிடிக்கக் கூப்பிட்டிருக்கிறான். சிங்களத்தில் அவன் விட்ட பகிடிக்கு முதலில் சிரித்தார்களாம். ஒரு ஆமிக்காரனின் துவக்கை இவன் தொட்டதும் சிரிப்பு நின்றது. சண்டை நடந்த அந்த நாளில் ஒரு தமிழ்ப் பொடியன் அதற்குப் பிறகு உயிரோடு வீடு வந்ததே பெரிய காரியம். உதடு கிழிந்து வந்தவனை அம்மாவும் நானும் புத்தளம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். பஸ்ஸில் அம்மா ஒன்றையே சொன்னாள்: அப்பாவின் கதையை எடுக்கக் கூடாது. தங்கை தவமலருக்கு ஆனியில் கலியாணம். பரம்பரை வருத்தம், பைத்தியம் ஓடுகிற குடும்பம் என்று காதில் விழுந்தால் மாப்பிள்ளை வீட்டார் நிற்கமாட்டார்கள்.

டொக்டர் இஸ்ஸதீன் தம்பியோடு கதைத்துவிட்டு எங்களிடம் வந்தார். முந்தி குடும்பத்தில் யாருக்காவது இப்படி இருந்ததா என்று கேட்டார்.

“இல்ல ஐயா. ஆமி அடிச்சதில தலை குழம்பிப் போச்சு,” என்றாள் அம்மா.

அந்தக் காலத்தில் யாரும் நம்பக்கூடிய காரணம். ஆனாலும் டொக்டர் விடவில்லை. அடிபட்ட அதிர்ச்சி என்றால் வைத்தியம் வேறு. குடும்பத்தில் ஓடுகிற வருத்தம் என்றால் வேறு, இரத்தம் சோதித்துச் சோதித்து வருடக்கணக்கில் கொடுக்கவேண்டிய மருந்து. மாறிப்போனால் இவனுக்குத்தான் கூடாது என்றார்.

“அப்பாவுக்கு இருந்தது டொக்டர்,” என்றேன். “ஒம்பது நாள் நித்திரையில்லாமப் பாடினவர். பிறகு எழும்பவே இல்ல, மாசக்கணக்கா.”

அம்மா என் தொடையில் நகம் இறங்க நுள்ளினாள்.

தகப்பனுக்கு இருந்தால் பிள்ளைகளுக்கு வரும் வாய்ப்பு மற்றவர்களைவிடக் கூடத்தான் என்றார் டொக்டர். ஆனால் அப்படிப் பிறந்த பத்துப் பேரில் ஒன்பது பேர் அளவில் இந்த வருத்தம் வராமலே வாழ்ந்து முடிப்பார்களாம். தவமலரைப் பற்றிக் கேட்டேன். கலியாணத்துக்குத் தடை ஒன்றும் இல்லை என்றார். என்னைப் பற்றிக் கேட்க வாய் வரவில்லை.

நுள்ளிய அம்மாவின் கை என் தொடையிலேயே கிடந்தது.

“ஒம்பது இல்ல மகன், பதினொரு நாள்,” என்றாள். “தவமலர் வயித்தில இருந்த வருசம். நான் எண்ணிக்கொண்டு இருந்தன். எழுதுங்கோ ஐயா.”