மாரியாயி வைத்த கையெழுத்து

இறம்பொடைக்கு மேலே இருக்கும் அந்தத் தேயிலைத் தோட்டத்தில் படித்து ஆசிரியையான முதல் பெண் பூரணி. எந்தத் தாளுக்கும் கைநாட்டே வைத்துப் பழகிய கொழுந்து பறிக்கும் பெண்களுக்கு ஞாயிறுதோறும், வேலை நாட்களில் கைக்குழந்தைகளை விட்டுப்போகும் பிள்ளைக் காம்பராவில் எழுதச் சொல்லிக்கொடுத்தாள். அவர்களில் மூத்தவள் மாரியாயி. தன் பெயரை எழுதிப் பழகவே அவளுக்கு நான்கு மாதம் பிடித்தது.

கார்த்திகை மழையில் அவர்கள் குடியிருந்த லயத்து வீடுகளின் மேல் மண் சரிந்தது. மாரியாயியின் ஒரே மகள் தனுஜா அதில் போய்விட்டாள்.

மூன்றாம் நாள், மரணத்தைப் பதியும் படிவத்தோடு கிராம சேவகர் வந்தார். மைப்பெட்டியைத் திறந்து, "கைநாட்டு வைங்கம்மா" என்றார்.

"வேணாங்கய்யா. எழுதத் தெரியும். டீச்சர் பழக்கியிருக்காங்க."

அவள் ஒவ்வோர் எழுத்தாக எழுதி முடிக்கும்வரை எல்லோரும் காத்து நின்றார்கள். வகுப்புக்கு வெளியே அவள் வைத்த முதல் கையெழுத்து அதுதான். இதற்காகவா பழக்கினோம் என்று நினைத்தாள் பக்கத்தில் நின்ற பூரணி.

"சரியா இருக்கா டீச்சர்?"

"சரியா இருக்குக்கா."

அதன்பின் இரண்டு ஞாயிறு பூரணி வகுப்பைத் திறக்கவில்லை. மூன்றாம் ஞாயிறு மாரியாயியே அவளைத் தேடி வந்தாள்.

"எம் பேரு போதும் டீச்சர். புள்ள பேர எழுதப் பழக்குங்க. ஒருக்காகூட எழுதிப் பாக்கலயே நான்."

பூரணி அவளை அழைத்துப்போய்ப் பலகையில் 'த' எழுதினாள். அதற்குமேல் பூரணிக்குக் கை ஓடவில்லை.