யார் பெயரைச் சொல்லி

வொர்க்குவிடம் ஒரு மாடு இருந்தது, எந்திரிஸிடம் ஒரு மாடு இருந்தது. ஒற்றை மாட்டை வைத்துக்கொண்டு ஒருவன் என்ன செய்ய முடியும்? கழுத்தைச் சொறிந்து கொடுத்துக்கொண்டு வாசலில் உட்கார்ந்திருக்கலாம். எங்கள் வோலோ மலையில் பாதிப் பேர் ஒற்றை மாட்டுக்காரர்கள்தான். அதனால் இரண்டு வீடு சேர்ந்து ஒரு ஏர் பூட்டுவோம். ஒரு நாள் உன் நிலம், மறுநாள் என் நிலம்.

வொர்க்குவின் தாமா செம்பட்டை நிறம். எந்திரிஸின் போராவுக்கு நெற்றியில் வெள்ளை. இரண்டும் ஒரே நுகத்தில் வளர்ந்தவை, ஒன்று இருமினால் இன்னொன்று திரும்பிப் பார்க்கும். சிக்கல் மாடுகளிடம் இல்லை. வொர்க்கு சிலுவைக் கயிறு கட்டியவன், எந்திரிஸ் பள்ளிவாசலுக்குப் போகிறவன். ஞாயிற்றுக்கிழமை வொர்க்கு கலப்பையைத் தொட மாட்டான். மிக்கேல் நாள், மரியாள் நாள், கபிரியேல் நாள் என்று அவனுக்கு மாதம் முழுக்க விசேஷம். வெள்ளிக்கிழமை எந்திரிஸ் தொழப் போய்விடுவான். "உன் சாமிங்களுக்கும் என் வெள்ளிக்கும் போக மிச்சம் கிடக்குற நாள்லதான்டா நம்ம வீட்டுல சோறு. இந்த மாடுங்களுக்கு மட்டும் ரெண்டு மதத்துப் பண்டிகையும் உண்டு, கொடுத்து வெச்சதுங்க" என்பான் எந்திரிஸ்.

அந்த வருஷம் அப்படிச் சிரிக்க யாருக்கும் தெம்பு இல்லை. போன அறுவடை பொய்த்துப்போனது. சின்ன மழையாவது வரும் என்று வானத்தைப் பார்த்துப் பார்த்து எல்லோருக்கும் கழுத்து வலித்ததுதான் மிச்சம். எந்திரிஸ் வீட்டில் விதைக்கென்று ஒளித்து வைத்திருந்த ஒரு பை தானியம் தவிர ஒன்றுமில்லை. அவன் மனைவி ருக்கியா ஓடைக்கரையில் கீரையைத் தேடி அவித்துப் போட்டாள். கடைசிப் பெண் ஹாவாவுக்குக் கால் வீங்கத் தொடங்கியிருந்தது. பசியில் வருகிற வீக்கம் எப்படி இருக்கும் என்று இந்த மலையில் எல்லோருக்கும் தெரியும். அதற்கு மேல் என்ன வரும் என்பதும் தெரியும்.

கிறிஸ்தவர்கள் கறியும் வெண்ணெயும் தொடாத பெரிய நோன்பின் நடுவில் ஒரு வியாழக்கிழமை மேகம் கூடியது. மறுநாள் வெள்ளிக்கிழமை. மழை விழுவதற்குள் மண்ணைக் கிளறிவிட வேண்டும். தொழுகைக்குப் போகும்போது எந்திரிஸ் தன் மாட்டையும் வொர்க்குவிடம் விட்டுப் போனான். இன்று உன் நிலத்தை முடித்துவிடு, நாளைக்கு என் நிலத்தைச் சேர்ந்தே பார்த்துக்கொள்வோம் என்றான்.

நோன்பு நாளில் பிற்பகல் வரை வொர்க்கு தண்ணீர்கூடக் குடிக்க மாட்டான். காதுக்குள் வண்டு பறக்கிற மாதிரி இருந்தது. மாடுகளும் அவனைப் போலத்தான், தோலுக்குள் எலும்பைப் போட்டு மூடினது மாதிரி. சரிவின் ஓரச் சாலில் திருப்பும்போது வரப்புக் கல் பெயர்ந்தது. போராவின் பின்னங்கால் காற்றில் போயிற்று. நுகத்து வார் அறுந்ததால் தாமா தப்பியது. போரா மட்டும் கீழ்ப் பாத்தியில், கல் குவியல் மேல் போய் விழுந்தது.

வொர்க்கு சறுக்கிக்கொண்டே இறங்கினான். பின்னங்கால் இரண்டும் முறிந்து கிடந்தன. வயிறு ஒரு பக்கம் வேகமாக உப்பிக்கொண்டு வந்தது. மாடு பிழைக்காது என்று பார்த்த மாத்திரத்தில் தெரிந்துவிட்டது. இனி ஒரே கேள்விதான். உயிர் போவதற்குள் கத்தி வைக்க வேண்டும், இல்லாவிட்டால் அது செத்த பிணம், நரிக்குத்தான் ஆகும். வைக்கிற கை யாருடையது?

எங்களுக்குள் பெண் கொடுப்போம், பெண் எடுப்போம், ஒருவர் சவத்துக்கு இன்னொருவர் குழி வெட்டுவோம். ஆனால் கறி மட்டும் தனித்தனி. கிறிஸ்தவன் அறுத்ததை முஸ்லிம் வாயில் வைக்க மாட்டான், முஸ்லிம் அறுத்ததைக் கிறிஸ்தவன் வைக்க மாட்டான். கல்யாண வீட்டில் இரண்டு அடுப்பு எரியும். இதில் யாருக்கும் யார் மேலும் கோபம் கிடையாது. ஹாவாவுக்குப் பெயர் வைத்த அன்று எந்திரிஸ், வொர்க்குவுக்காகவே ஒரு கோழியைத் தூக்கிக்கொண்டு அலைந்து, கிறிஸ்தவ வீட்டில் அறுத்து வாங்கிக்கொண்டு வந்து விருந்து வைத்தவன்.

வொர்க்கு வாயில் கைகளைக் குவித்துக் கத்தினான். முஸ்லிம் ஆம்பிளை யாராவது இருந்தால் ஓடி வரச் சொல்லிக் கத்தினான். வெள்ளிக்கிழமை உச்சிப்பொழுது, முஸ்லிம் ஆண் ஒருவன்கூட இந்தப் பக்கம் இல்லை. எல்லோரும் மேட்டுக்கு அந்தப் பக்கம் பள்ளிவாசலில் இருந்தார்கள்.

வந்தது ருக்கியாதான், ஹாவாவை முதுகில் கட்டிக்கொண்டு. அவன் குரலிலேயே விஷயம் புரிந்து, வீட்டுக் கத்தியையும் கையோடு எடுத்து வந்திருந்தாள். ஆனால் பெண் கத்தி வைக்கிற வழக்கம் எங்கள் இரண்டு பக்கமும் கிடையாது. ஒரு கோழி அறுக்க வேண்டுமென்றாலும் எங்கள் பெண்கள் வழியில் போகிற ஆணுக்காகக் காத்து நிற்பார்கள்.

அவள் மாட்டைப் பார்த்தாள். அழவில்லை. கத்தியைக் கல் மேல் வைத்தாள்.

"நீ கை வெச்சிடாத அண்ணே. நான் ஓடிப் போய் ஆளக் கூட்டிட்டு வந்துடுறேன். அதுவரைக்கும் எப்படியாவது பிடிச்சு வெய்யி."

எதைப் பிடித்து வைப்பது? உயிரையா? அவள் மேட்டில் ஏறுவதைப் பார்த்துக்கொண்டே வொர்க்கு மாட்டின் தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டான். இந்தக் கறியை முஸ்லிம் வீடுகள் பங்கு போட்டு வாங்கிக்கொள்ளும், பதிலுக்கு ஆளுக்கொரு கை தானியம் கொடுக்கும். ஹாவாவின் கால் வீக்கம் வடியும். எல்லாம் இந்த மாட்டின் மூச்சில் தொங்கிக்கொண்டிருந்தது. அவன் அதோடு பேசினான், திட்டினான், நெற்றி வெள்ளையைத் தடவிக் கெஞ்சினான். மாதாவைக் கூப்பிட்டான். மாதாவுக்குக் கேட்காவிட்டால் என்ன செய்வது என்று பயந்து, எந்திரிஸ் கூப்பிடுகிற அல்லாவையும் கூப்பிட்டான்.

மேடு காலியாகவே இருந்தது. போராவின் நாக்கு வெளியே சரிந்தது. கண் மேலே செருகி, திரும்பி வந்து, மறுபடி செருகியது. மூச்சுக்கும் மூச்சுக்கும் நடுவே இடைவெளி நீண்டுகொண்டே போனது. ஒரு தடவை இடைவெளி முடியவே இல்லை என்று அவனுக்குத் தோன்றியது. கை கத்தியை எடுத்துவிட்டது. செத்துப் போனால் யாருக்குமே இல்லை, யாருக்குமே இல்லை என்று மட்டும்தான் மண்டைக்குள் ஓடியது. யார் பெயரையும் சொல்லாமல் அறுத்துவிடலாம், அப்படிச் செய்தால் இது யாருடைய கறியும் இல்லை, மற்றதைப் பெரியவர்கள் பேசி முடிவு செய்யட்டும் என்றுகூட நினைத்தான். பட்டினியில் கிடக்கிற மண்டையில் நியாயம் இப்படித்தான் ஓடும்.

தலையைத் திருப்பினான், கத்தியை இழுத்தான். சின்ன வயதிலிருந்து கையோடு சேர்ந்து பழகிய நாக்கு அவனைக் கேட்கவே இல்லை. பிதா, சுதன், பரிசுத்த ஆவியின் பெயராலே என்று சத்தமாகவே சொல்லி முடித்தது.

ரத்தம் பீறிட்டு அடித்தது. இன்னும் அவ்வளவு உயிர் இருந்திருக்கிறது. அவன் தலையை நிமிர்த்தினான். மேட்டின் மேல் வெள்ளைத் துணிகள் தெரிந்தன. எந்திரிஸ் முன்னால் ஓடி வந்தான், பின்னால் ருக்கியா, அதற்கும் பின்னால் பள்ளிவாசல் ஷேக்கும் மற்ற ஆண்களும். ரத்தம் நிற்பதற்கு முன்பே அவர்கள் வந்து சேர்ந்துவிட்டார்கள். பாவி, இன்னும் கொஞ்சம் பொறுத்திருக்கக் கூடாதா?

கத்தி வொர்க்குவின் காலடியில் கிடந்தது. எந்திரிஸ் மாட்டைப் பார்த்தான், கத்தியைப் பார்த்தான், பிறகு பாதைப் பக்கம் பார்த்தான். அங்கே ஈ காக்கை இல்லை.

"யாரு அறுத்தது?"

வொர்க்கு வாயைத் திறப்பதற்குள் ருக்கியா முந்திக்கொண்டாள்.

"உப்பு வியாபாரி ஒருத்தரு பாதையில போனாரு. நம்ம ஆளுதான். நான் ஓடும்போதே பார்த்தேன், குரல் கொடுத்துட்டுத்தான் வந்தேன்."

சொல்லிவிட்டு அவள் வொர்க்குவைப் பார்த்தாள். முதுகில் குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. வீங்கின கால் இரண்டும் துணிக்கு வெளியே தொங்கின.

எந்திரிஸும் வொர்க்குவைத்தான் பார்த்தான். "அப்படியாடா? வியாபாரி யாராச்சும் போனானா?" என்று கேட்டான். அது கேள்வியே இல்லை. ஆமாம் என்று சொல்லிவிடேன் என்று கண் கெஞ்சியது. இத்தனை வருஷத்தில் எந்திரிஸ் அவனிடம் எதற்கும் கெஞ்சியதில்லை.

ஒரு தலையாட்டல் போதும். பிள்ளைகள் சாப்பிடுவார்கள். ஆனால் நண்பன் வீட்டுப் பானையில், நண்பனுக்குத் தெரியாமல், நண்பனுக்கு விலக்கானதை அவியவிட்டதாக ஆகும். நாளைக்கு எந்திரிஸ் தன் சாமியிடம் போய் என்னவென்று நிற்பான்? தனக்காகக் கோழியைத் தூக்கிக்கொண்டு அலைந்தவனுக்கா இதைச் செய்வது? வொர்க்கு தன் கழுத்துச் சிலுவைக் கயிற்றைப் பிடித்துக்கொண்டான்.

"எவனும் போகல. நான்தான் அறுத்தேன். என் சாமி பேரைச் சொல்லித்தான் அறுத்தேன்."

ருக்கியா கண்ணை மூடிக்கொண்டாள். ஷேக் தாழ்ந்த குரலில், சாகிற பசி என்று வந்துவிட்டால் ஆண்டவன் விலக்குக் கொடுத்திருக்கிறான் என்றார். எந்திரிஸ் தலையை ஆட்டினான். "இன்னும் சாகலையே ஷேக்கு. சாகறதுக்குள்ள வேற வழி பாக்குறேன்" என்றான். அந்தக் கறிக்குக் கிறிஸ்தவ வீடுகளிலும் ஆள் கிடையாது. நோன்பு முடிந்து உயிர்ப்புத் திருநாள் வரும் வரை யாரும் தொட மாட்டார்கள். ஊரே பட்டினி கிடக்க, ஒரு முழு மாடு யாருக்கும் ஆகாமல் கிடந்தது.

வொர்க்கு வீட்டுக்கு வந்தான். பெண்கள் இருவரும் கல்யாணமாகிப் போன பிறகு அவனும் மனைவி அஸ்காலேயும் தாமாவும்தான் அந்த வீட்டில். நடந்ததைச் சொன்னான், செய்யப்போவதையும் சொன்னான். தாயில்லாக் கன்றாக இருந்த தாமாவைக் கஞ்சி ஊற்றி வளர்த்தவள் அஸ்காலே. கயிற்றைப் பிடித்துக்கொண்டு விடவில்லை.

"உண்மைய சொல்லத் தெரிஞ்ச வாய்க்கு, அறுக்கும்போது சும்மா இருக்கத் தெரியலையா? உன் நாக்குக்கு என் புள்ளைய ஏன் குடுக்கணும்?"

அவள் சொன்னதில் தப்பு இல்லை. "ஹாவா காலப் பாத்தியா?" என்று மட்டும் கேட்டான். அஸ்காலே கயிற்றை அவன் மேல் வீசிவிட்டு உள்ளே போய்விட்டாள்.

பொழுது சாயும் நேரத்தில் வொர்க்கு எந்திரிஸின் வாசலில் தாமாவோடு நின்றான். போரா எனக்கு, தாமா உனக்கு, நீயே உன் கையால் அறு என்றான். எந்திரிஸுக்குக் கோபம் வந்தது. அறிவிருக்கிறதா, எதை வைத்து உழுவாய் என்று சத்தம் போட்டான்.

"ஒத்த மாட்ட வெச்சு நான் எதடா உழுவேன்?" என்றான் வொர்க்கு.

இந்த எலும்புக்கூட்டுக்குச் சந்தையில் ஒரு கூடை சோளம்கூட யாரும் தர மாட்டார்கள் என்று இருவருக்கும் தெரியும். எந்திரிஸ் நெடுநேரம் தாமாவின் கழுத்தில் கை வைத்தபடி நின்றான். பிறகு கத்தியைக் கேட்டான். அவன் பிஸ்மில்லா சொன்ன குரல் வொர்க்குவுக்குப் பாதிதான் கேட்டது. வொர்க்கு முகத்தைத் திருப்பிக்கொண்டு அழுதுகொண்டிருந்தான்.

மறுநாள் வொர்க்குவும் அஸ்காலேயும் போராவின் கறியைக் கீறிக் கீறி உப்புப் போட்டு, உயிர்ப்புத் திருநாளுக்கென்று கூரைக்குள் கயிறு கட்டித் தொங்கவிட்டார்கள். அஸ்காலே அவனுக்கு முதுகைக் காட்டிக்கொண்டே வேலை செய்தாள். சாயங்காலம் மழை வந்தது. எத்தனை மாதமாய்க் கேட்ட மழை, இப்போது எந்த வெட்கமும் இல்லாமல் கொட்டியது.

மழையோடு எந்திரிஸும் ருக்கியாவும் வந்தார்கள். ருக்கியா துணிக்குள்ளிருந்து மூடி போட்ட சட்டி ஒன்றை எடுத்து வைத்தாள். தாமாவின் பங்குக்கு வந்த தானியத்தில் சுட்ட இஞ்செரா அப்பமும் கடலைமாவுக் குழம்பும்.

"ஹாவா சாப்பிட்டா அண்ணே. இது புதுச் சட்டி, கறி படாதது. வெண்ணெயும் ஊத்தல. உங்க நோன்புக்கு ஒண்ணும் ஆகாது."

அஸ்காலே வெளியே வந்தாள். சட்டியைப் பார்த்தாள், ருக்கியாவைப் பார்த்தாள். அவள் தோளைப் பிடித்துக்கொண்டு, தாமா பேரைச் சொல்லி வாய்விட்டு அழுதாள். ருக்கியாவும் அழுதாள்.

ஆண்கள் இருவரும் வாசலில் உட்கார்ந்து எதிரே சரிவைப் பார்த்தார்கள். பாதி உழுத வொர்க்குவின் நிலமும், கலப்பையே படாத எந்திரிஸின் நிலமும் நனைந்து கறுத்துக்கொண்டிருந்தன. இது போன்ற மழைக்கு மறுநாளே ஏர் இறங்க வேண்டும். நுகம் சுவரில் சாய்ந்திருந்தது, அறுந்த வாரோடு.

"நாளைக்கு ஞாயிறு இல்ல?" என்றான் எந்திரிஸ்.

"ஆமா."

"சரிதான். இனிமே நமக்கு எல்லா நாளும் பண்டிகைதான் போ."

அவனாலேயே சிரிக்க முடியவில்லை. வொர்க்கு இஞ்செராவைப் பிய்த்து அவனுக்கு ஒரு வாய் ஊட்டிவிட்டு, தானும் ஒரு வாய் வைத்துக்கொண்டான். மழை வலுத்துக்கொண்டே போனது.